வீடியோவில் வராத ஒரு வாக்கியம்

ஜூன் 3, திங்கள்

பங்குக் கோயிலில் வருடப் பிறப்புக்குக் கொடுத்த டைரி மேசைமேல் சும்மா கிடந்தது. இன்று முதல் எழுதுகிறேன். ஒரே விதி: பிரின்சியின் வீடியோவில் வந்தது எதுவும் இதில் வரக் கூடாது. வராததை மட்டும் எழுத வேண்டும்.

காரணம் மீன். சனிக்கிழமை என் மருமகள் பிரின்சி, 'பிரின்சி வீடு' என்ற தன் சேனலுக்காக ஊளி மீன் பொரித்தாள். எண்ணெயைப் பார்க்காமல் கேமராவைப் பார்த்ததில் முதல் ஈடு கரியாகிவிட்டது. இரண்டாவது ஈடு நன்றாக வந்தது. அதுதான் வீடியோவில் இருக்கிறது. கருகியதை வீணாக்க மனமில்லாமல் இரவு நாங்கள் மூவரும் சாப்பிட்டோம்.

இன்று காலை கிளாட்வின், என் மகன், அந்த வீடியோக்களை வெட்டி ஒட்டுபவன், "சனிக்கிழமை மீனு பாத்தீங்களாம்மா? ஒரே ஈட்டுல என்ன கலரு!" என்றான்.

"இரண்டு ஈடு. ராத்திரி நாம் தின்றது முதல் ஈடு. உனக்குக் கசக்கிறது என்று தயிர் ஊற்றிக்கொண்டாய்" என்றேன்.

"எப்பம்மா?" என்றான். விளையாட்டுக்குச் சொல்லவில்லை. அவனுக்கு உண்மையிலேயே நினைவில்லை. மறதிக்குரிய வயது இந்த வீட்டில் எனக்குத்தான், அவனுக்கல்ல.

ஜூன் 5, புதன்

அலமாரிச் சேலைகளை வெயில் காட்டினேன். மடிப்புக் கலையாமல் திருப்பி வைக்க இந்த வீட்டில் என்னை விட்டால் ஆள் கிடையாது.

ஜூன் 9, ஞாயிறு

பூசையில் எனக்கு முன்னால் உட்கார்ந்திருந்த பெண்ணின் ரவிக்கையில் ஒரு கொக்கி கழன்றிருந்தது. உடனே பிப்ரவரியில் வந்த என் பிறந்தநாள் நினைவுக்கு வந்தது. அன்று என் ரவிக்கையிலும் மேல்கொக்கி கழன்றிருந்தது. கேக், மெழுகுவத்தி, குனிந்து ஊதும் என் முதுகு, நரைத்த கொண்டை, கழன்ற கொக்கி.

பிறகு யோசித்தேன். என் முதுகை நான் எப்படிப் பார்த்திருக்க முடியும்?

பிரின்சியின் கேமரா அன்று எனக்குப் பின்னால் நின்றது. என் கண்ணுக்கு முன்னால் பாடிக்கொண்டிருந்தவர்களின் முகங்கள் இருந்திருக்க வேண்டும். மெழுகுவத்திச் சூடு என் கன்னத்தில் பட்டிருக்க வேண்டும். அதெல்லாம் என்னிடம் இல்லை. எவ்வளவு முயன்றாலும் முதுகுதான் வருகிறது. சாமியார் அப்பத்தை உயர்த்தும் எழுந்தேற்றத்தின்போது மணி அடித்துத் திடுக்கிட்டேன். பூசையில் கவனமில்லாமல் இருந்தது என் வாழ்க்கையில் அபூர்வம்.

வீட்டுக்கு வந்து மற்றவற்றையும் பார்த்தேன். பள்ளியில் மதர் பெனடிக்டா கூட்டல் கணக்கை மேலிருந்து ஒரு தரமும் கீழிருந்து ஒரு தரமும் போடச் சொல்வார். அப்படிப் போட்டுப் பார்த்தேன். என் மகள் லிசியின் கல்யாணத்தில் நான் கோயில் நடுப்பாதையில் வருவதை மேலேயிருந்து பார்க்கிறேன். வீடியோக்காரன் பாடகர் மாடத்தில் நின்றிருந்தான். என் சொந்தக் கல்யாணம் ஆல்பத்தில் உள்ள படங்களாக மட்டுமே இருக்கிறது, கறுப்பு வெள்ளையில். சேலை ரோஸ் நிறம். அலமாரியில் இருப்பதால் தெரியும்.

யாரும் படம் எடுக்காத நாட்கள் வேறு விதம். கிளாட்டுக்கு டைபாய்டு வந்து ஒரு விடியற்காலையில் காய்ச்சல் விட்டது. அவன் நெற்றி வியர்த்து என் தாடையில் ஒட்டியது. அது இன்னும் தாடையிலேயே இருக்கிறது.

எடுத்ததெல்லாம் என்னைவிட்டு வெளியே போய் நின்றுகொண்டிருக்கிறது. எடுக்காதது மட்டும் எனக்குள் இருக்கிறது.

ஜூன் 14, வெள்ளி

சாப்பாட்டு மேசையில் பேச்சு. கிளாட்டுக்கு வேலை போய் வருடம் திரும்பிவிட்டது. சேனலையும் என் பென்ஷனையும் வைத்துத்தான் வீடு ஓடுகிறது. அதில் சேனலும் இப்போது சறுக்குகிறதாம். மீனையும் கோலா உருண்டையையும் பார்க்க ஆளில்லை. ஒரு மசாலா கம்பெனிக்காரர்கள், 'குடும்பக் கதை மாதிரி ஏதாவது போட்டு ஆள் சேர்த்துக் காட்டுங்கள், விளம்பரம் தருகிறோம்' என்றிருக்கிறார்கள்.

"மாமி, நீங்களும் மாமாவும் போன்லயே பேசிப் பழகித்தான் கல்யாணம் முடிச்சீங்களாமே. இவுக சொன்னாவ" என்றாள் பிரின்சி.

"இவன் எதையாவது சொல்வான்."

"நெசமா பொய்யா, அத மட்டும் சொல்லுங்க."

"நிஜம்தான்."

"ஐயோ மாமி! இத வச்சுக்கிட்டா நான் போன வாரம் பீர்க்கங்கா தொவையல் போட்டேன்!"

கிளாட் சிரித்தான். எனக்கும் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டேன்.

"மாமா மொத மொதல்ல ஒங்ககிட்ட என்ன சொன்னாவ? அந்த ஒரு வார்த்தை போதும் மாமி. அதுலயே ஆரம்பிச்சு அதுலயே முடிச்சிருவேன்."

முடியாது என்றேன். இரண்டாவது தரம் கேட்க இடம் வைக்காத குரலில் சொல்ல எனக்குத் தெரியும்.

ஜூன் 15, சனி

ஏன் முடியாது என்பதை எனக்காகவாவது எழுதி வைக்கிறேன்.

தூத்துக்குடி டெலிபோன் எக்ஸ்சேஞ்சில், வெளியூர் அழைப்புகளை இணைக்கும் டிரங்க் போர்டில் நான் சேர்ந்தபோது எனக்கு இருபத்தொரு வயது. ஒரு கப்பல் ஏஜென்சி ஆபீசிலிருந்து தினமும் கொச்சிக்கு டிரங்க் கால் போடுவார்கள். நம்பர் பதிய வேண்டும், லைன் கிடைத்ததும் அவர்களைக் கூப்பிட்டு இணைக்க வேண்டும். பேசுகிறவர் ஒரு குமாஸ்தா. பெயர் பெர்க்மான்ஸ். ஒரு வருடத்துக்கு மேல் அவர் குரல்தான் எனக்குத் தெரியும். உயரமா குட்டையா, ஒன்றும் தெரியாது. ஒருநாள், நம்பரைத் தவிர வேறு ஒரு வாக்கியம் சொன்னார். அதுதான் தொடக்கம்.

சினிமாவில் வரும் வாக்கியமல்ல. சின்னது. யாரும் யாரிடமும் கேட்கக்கூடிய கேள்வி. எனக்கு முதலில் கோபம்தான் வந்தது. பக்கத்துப் போர்டில் இருந்த சண்முகவடிவிடம் டீ இடைவேளையில் சொன்னேன். அதன் பிறகு யாரிடமும் சொல்லவில்லை. பிள்ளைகளிடம்கூட.

பெர்க்மான்ஸ் கேமராவைக் கண்டால் அடுத்த அறைக்குப் போய்விடுவார். அவர் இறந்து மூன்று வருடமாகிறது. அவர் பேசி எங்கும் பதிவாகவில்லை. அடக்கப் பூசை வீடியோ ஒன்று இருக்கிறது. பெட்டியைச் சுற்றி நாங்களெல்லாம் வரிசையாக நிற்கிறோம். அதைப் பார்த்துப் பார்த்து இப்போது அவர் முகம் என்றாலே பெட்டிக்குள் இருந்த முகம்தான் வருகிறது. மிச்சம் இருப்பது குரல். அதிலும் அந்த ஒரு வாக்கியம். கண்ணை மூடினால் ஹெட்செட் அழுத்தும் காதில், கொச்சி லைனின் இரைச்சலோடு, அப்படியே வரும்.

அதையும் கேமராவுக்குக் கொடுத்தால் இனி அதைச் சொல்லிக்கொண்டிருக்கும் ஒரு கிழவியின் முகம்தான் எனக்கு நினைவிருக்கும்.

வாக்கியத்தை இங்கே எழுதப் போவதில்லை. லைனில் கேட்டதைத் திருப்பிச் சொல்வதில்லை, குறித்து வைப்பதில்லை என்று வேலையில் சேர்ந்த அன்று கையெழுத்துப் போட்டவர்கள் நாங்கள். எத்தனையோ சாவுச் செய்தியும் சண்டையும் என் காது வழியாகப் போயிருக்கின்றன. ஒன்றும் வாயில் வந்ததில்லை. எழுதாமலே காப்பாற்ற எனக்குத் தெரியும்.

ஜூன் 22, சனி

கிளாட் ஒரு இண்டர்வியூவுக்குப் போய் மத்தியானமே திரும்பிவிட்டான். 'கூப்பிடுவதாகச் சொன்னார்கள்' என்றான். சட்டையைக் கழற்றாமல் படுத்துவிட்டான்.

பிரின்சியின் விரலில் கல்யாண மோதிரம் இல்லை. பாத்திரம் தேய்க்கும்போது கழற்றி வைத்திருப்பாள்.

தண்ணீர் வந்தது. பிடித்து வைத்தேன்.

ஜூன் 23, ஞாயிறு

கோயிலுக்குப் போகும்போதும் மோதிரம் இல்லை. கோயிலுக்கு யாரும் பாத்திரம் தேய்த்துக்கொண்டே போவதில்லை.

ஜூன் 24, திங்கள்

சரி என்று சொல்லிவிட்டேன். பிரின்சி என்னைக் கட்டிப்பிடித்தாள். எனக்கு அது பழக்கமில்லை.

உண்மையைச் சொல்லப் போவதில்லை. எக்ஸ்சேஞ்ச், போர்டு, கொச்சி லைன் எல்லாவற்றையும் உள்ளபடி சொல்வேன். அந்த வாக்கியம் வரும் இடத்தில் மட்டும் வேறொன்றை வைத்துவிடுவேன். அவர்களுக்கு வேண்டியது ஒரு வாக்கியம். எந்த வாக்கியம் என்பது யாருக்குத் தெரியும்? இருந்த இருவரில் ஒருவர் கல்லறையில் இருக்கிறார்.

துணி மடிக்கும்போது ஒன்று தயாரித்தேன்: 'லைன் கெடைக்கலன்னாலும் பரவாயில்ல, நீங்க பேசிக்கிட்டே இருங்க.' கேட்கவே கூச்சமாக இருந்தது. பெர்க்மான்ஸ் சாகும்வரை இப்படி ஒரு வார்த்தை பேசியவரல்ல. அதனால்தான் இது பத்திரமானது.

பொய் சொல்வது பாவம். அடுத்த பாவசங்கீர்த்தனத்தில் சொல்லிக்கொள்கிறேன்.

ஜூன் 26, புதன்

படம் பிடித்தார்கள். பிரின்சி எங்கிருந்தோ ஒரு சிவப்பு டெலிபோனை வாங்கி வந்து மடியில் வைத்தாள்.

"இது வீட்டு டெலிபோன். நாங்கள் ஹெட்செட் போட்டுக்கொண்டு போர்டுக்கு முன்னால் உட்கார்ந்திருப்போம். இப்படி ஒன்று எங்கள் மேசையில் கிடையாது."

"தெரியும் மாமி. பாக்குறவங்களுக்கு போன்னு தெரியணும்லா."

"அவர்கள் போனிலேதானே பார்க்கிறார்கள். கையில் வைத்திருப்பது என்னவென்று தெரியாதா?"

கிளாட் கேமராவுக்குப் பின்னால் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தான். அதனால் முதல் தடவை வீணாயிற்று.

இரண்டாவது தடவை முழுவதும் சொன்னேன். 'நல்லாருக்கு, ஆனா ஸ்கூல்ல ஒப்பிக்கிற மாதிரி இருக்கு' என்றாள் பிரின்சி. "அந்த வார்த்தை வருதப்ப மாமாவ நெனச்சுக்கிடுங்க மாமி. மாமா எப்படிச் சொன்னாவளோ அப்படியே சொல்லுங்க."

மூன்றாவது தடவை சொன்னேன். எப்படிச் சொன்னேன் என்று தெரியவில்லை. முடித்துவிட்டு நிமிர்ந்தால் பிரின்சி கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்கிறாள். கிளாட் கேமராவை நிறுத்த மறந்து நிற்கிறான்.

என் பொய்க்கு இவ்வளவு மதிப்பெண் கிடைக்கும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

ஜூலை 1, திங்கள்

ஏற்றிவிட்டார்கள். தலைப்பில் இரண்டு பிழை, கண்ணீர் விடும் மஞ்சள் பொம்மை ஒன்று. பிழையைத் திருத்தச் சொன்னேன். பொம்மை இருக்கட்டுமாம்.

புல்லாங்குழலும் வயலினும் சேர்த்திருக்கிறான் கிளாட்.

ஜூலை 4, வியாழன்

வீட்டில் எந்த மூலையில் இருந்தாலும் அந்த வீடியோ கேட்கிறது. சேனல் ஆரம்பித்த நாளிலிருந்து எதையும் இவ்வளவு பேர் பார்த்ததில்லையாம். மாடி வீட்டில் போடுகிறார்கள், எதிர் வீட்டில் போடுகிறார்கள். என் குரல் தெருவில் நடமாடுகிறது. பழக்காரர் கொய்யாவை நிறுத்துக்கொண்டே, "லைன் கெடைக்கலன்னாலும் பரவாயில்ல டீச்சர், நீங்க பேசிக்கிட்டே இருங்க" என்றார். நான் டீச்சர் இல்லை என்பதை ஏழு வருடமாக அவருக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

மசாலாக் கம்பெனிக்காரர்கள் பேசினார்களாம். கிளாட் நன்றாகச் சாப்பிட்டான்.

ஜூலை 7, ஞாயிறு

பூசை முடிந்ததும் பெண்கள் சூழ்ந்துகொண்டார்கள். பங்குச் சாமியார் வரும் மாதம் திருமணத் தயாரிப்பு வகுப்பில் அதைப் போட்டுக் காட்டலாமா என்று கேட்டார். சாமியாரிடம் 'அது பொய், சாமி' என்று சொல்ல வாய் வரை வந்தது. பின்னால் வரிசை நின்றது.

மாலை லிசி மெல்போர்னிலிருந்து கூப்பிட்டாள். அழுதாள்.

"அம்மா, அப்பா எங்கிட்டயே இத சொல்லியிருக்காங்கம்மா."

"எதை?"

"லைன் கெடைக்கலன்னாலும் பரவாயில்லன்னது. நான் காலேஜ் படிக்கும்போது. மொட்ட மாடியில நின்னுக்கிட்டு சொன்னாங்க. எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு."

"அப்பா உன்னிடம் அப்படிச் சொல்லியிருக்க முடியாது, லிசி."

"நீங்க அப்ப அங்க இல்லம்மா. எங்கிட்ட மட்டுந்தான் சொன்னாங்க."

நான் அந்த வாக்கியத்தைத் துணி மடிக்கும்போது செய்து இரண்டு வாரம்கூட ஆகவில்லை. அதற்குள் அது என் மகளின் கல்லூரிக் காலம் வரை போய்விட்டது. அவள் சந்தோஷமாக அழுதாள். அதற்குமேல் நான் மறுக்கவில்லை.

ஜூலை 13, சனி

குடை ரிப்பேர். கைப்பிடி கழன்றுவிட்டது.

ஜூலை 19, வெள்ளி

கிளாட்டின் சட்டைகளை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தேன். வழக்கம்போல கண்ணை மூடி அதைக் கேட்டுக்கொள்ளலாம் என்று நினைத்தேன். தினமும் செய்வதல்ல. அவ்வப்போது.

புல்லாங்குழல் வந்தது. பிறகு வயலின். பிறகு 'லைன் கெடைக்கலன்னாலும் பரவாயில்ல.'

இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு மறுபடி முயன்றேன். திரும்பவும் அதுதான். வெயில் அதிகம். இரவு சரியாகத் தூங்கவில்லை. களைப்பில் காது இப்படிச் செய்யும். டபுள் டியூட்டி பார்த்த நாட்களிலும் இப்படி ஆகியிருக்கிறது.

உண்மை வாக்கியம் பத்திரமாக இருக்கிறது. அது ஒரு கேள்வி. அது நிச்சயம்.

ஜூலை 21, ஞாயிறு

மழையைப் பற்றியது என்று தோன்றுகிறது. கொச்சியில் மழையா என்று. அல்லது அதை நான் கேட்டேனா?

ஜூலை 25, வியாழன்

மழையைப் பற்றியதல்ல. அப்படியிருந்தால் எனக்கு ஏன் கோபம் வந்திருக்க வேண்டும்?

ஜூலை 29, திங்கள்

பனிமய மாதா திருவிழாவுக்குக் கொடியேறியாயிற்று. ஊர் முழுவதும் கூட்டம். அந்த நெரிசலிலும் பஸ் பிடித்துப் பாளையங்கோட்டை போனேன். சண்முகவடிவுக்கு மூட்டு வலி என்று கேள்விப்பட்டிருந்தேன். விசாரித்து வரலாம் என்றுதான்.

வடிவு கட்டிலில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும், "ஏட்டி ஜெசி! நடிகையாயிட்டியாமே! வா, வா, இப்படி உக்காரு. மருமவ, காப்பி கொண்டாம்மா, சினிமா ஸ்டார் வந்திருக்கா" என்று கத்தினாள். குரல் மட்டும் போர்டில் இருந்த அதே குரல்.

மூட்டைப் பற்றிக் கேட்டேன். எண்ணெயைப் பற்றிச் சொன்னாள். காப்பி வந்தது. பிறகு, தற்செயலாகக் கேட்பது போல, "அன்றைக்கு டீ குடிக்கும்போது உன்னிடம் ஒன்று சொன்னேனே, வடிவு. பெர்க்மான்ஸ் கேட்டதை. உனக்கு நினைவிருக்கிறதா?" என்றேன்.

"எனக்கா நெனவில்ல? ஹெட்செட்ட கழத்தி வச்சிட்டு, மூக்கு செவக்க வந்தியே. 'வடிவு, அந்தக் கப்பல் ஆபீசுக்காரனுக்குக் கொழுப்பப் பாரு' ன்னு."

காப்பி டம்ளரைக் கீழே வைத்தேன். மூக்கு சிவந்தது, கொழுப்பு என்றது, எல்லாம் சரி. அதை நான் வீடியோவில் சொல்லவில்லை. இது வடிவின் சொந்தச் சரக்கு.

"அப்புறம்? என்ன கேட்டார் என்று சொன்னேன்?"

"லைன் கெடைக்கலன்னாலும் பரவாயில்ல, நீங்க பேசிக்கிட்டே இருங்கன்னானாம். நான்கூட சொன்னேனே, 'ஏட்டி, இவன விட்டுராத'ன்னு. நேத்து நடந்த மாதிரி இருக்கு."

"அதை வீடியோவில் பார்த்துச் சொல்கிறாய்."

"போ ஏட்டி! வீடியோவுல பாத்தப்ப எம் மருமவகிட்ட சொன்னேன், 'இது எனக்கு அன்னிக்கே தெரியும், மொதல்ல கேட்டது நானாக்கும்'னு. கேளு அவள."

மருமகள் கதவோரம் நின்று ஆமென்று தலையாட்டினாள்.

"நன்றாக யோசித்துப் பார், வடிவு. ஒரு கேள்வி."

வடிவு என்னைக் கொஞ்சம் கூர்ந்து பார்த்தாள். "ஏன் ஜெசி? ஒனக்கு ஞாபகம் இல்லயா?"

"எனக்கு இல்லாமலா? உனக்கு இருக்கிறதா என்று பார்த்தேன்" என்றேன்.

திரும்பும்போது பஸ்ஸில் இடம் கிடைக்கவில்லை. நின்றுகொண்டே வந்தேன். இடம் கொடுக்க ஒரு பெண் எழுந்தாள். 'நீங்க அந்த வீடியோ அம்மாதான?' என்றாள். இல்லை என்றேன்.

ஆகஸ்ட் 2, வெள்ளி

கேள்வியா என்பதுகூட.

ஆகஸ்ட் 6, செவ்வாய்

நேற்றோடு திருவிழா முடிந்தது. இன்று பிரின்சியிடம் சொல்லிவிட்டேன். சமையலறையில், கேமரா எதுவும் இல்லாத நேரம் பார்த்து.

"அந்த வீடியோவில் நான் சொன்னது பொய். அதை எடுத்துவிடு."

வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தவள் சிரித்தாள். பிறகு என் முகத்தைப் பார்த்துக் கத்தியை வைத்தாள். "எல்லாமேவா மாமி?"

"எக்ஸ்சேஞ்ச், கப்பல் ஆபீஸ், கொச்சி எல்லாம் உண்மை. அவர் சொன்னதாகச் சொன்ன அந்த வாக்கியம் மட்டும் நான் செய்தது."

"ஏன் மாமி?"

"உண்மையை உன் கேமராவுக்குக் கொடுக்க எனக்கு விருப்பமில்லை."

அவள் முகம் சுண்டியது. "வேண்டாம்னு சொல்லியிருந்தா நான் விட்டிருப்பேன்லா. ஒரு தடவ சொன்னீங்க, நானும் விட்டேன். பெறவு நீங்களாத்தான வந்து சரின்னீங்க?"

மோதிரத்தைப் பற்றிச் சொல்லியிருக்கலாம். இன்னும் அந்த விரல் வெறுமையாகத்தான் இருக்கிறது. அவளுடைய மோதிரம் அவளுடைய விஷயம்.

"கம்பெனிக்காரங்க அத வச்சுத்தான் விளம்பரம் தரேன்னாங்க" என்றாள், பெரும்பாலும் தனக்குத்தானே. பிறகு, "சரி. எடுத்துருதேன். பொய்ய வச்சு நான் ஒண்ணும் பொழைக்க வேண்டாம்."

அவள் தன் போனை எடுத்து மேடையில் கவிழ்த்து வைத்தாள். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு என் பக்கத்தில் வந்து நின்றாள்.

"மாமி, வீடியோவுக்கு இல்ல. எனக்கு மட்டும். மாமா நெசமாவே என்ன சொன்னாவ?"

வெளியே யாரோ மோட்டார் போட்டார்கள். தொட்டியில் தண்ணீர் ஏறும் சத்தம் கேட்டது.

"டெலிபோன்காரிகள் கேட்டதை வெளியே சொல்வதில்லை" என்றேன்.

அவள் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். வழக்கமாக வாயாடுகிறவள். இப்போது இரண்டே வார்த்தை. 'சரி மாமி' என்று என் தோளைத் தொட்டுவிட்டுப் போய் எனக்குப் பால் காய்ச்சினாள். அந்த நேரத்தில் நான் பால் குடிப்பதில்லை. ஏன் காய்ச்சினாள் என்று தெரியவில்லை.

ஆகஸ்ட் 7, புதன்

எடுத்துவிட்டார்கள். கிளாட் போனை எடுத்துக்கொண்டு மொட்டை மாடிக்குப் போய் நெடுநேரம் பேசினான். கீழே வந்து, 'பரவால்லம்மா' என்றான். நான் ஒன்றும் கேட்டிருக்கவில்லை.

ஆகஸ்ட் 13, செவ்வாய்

தெரு அமைதியாகிவிட்டது. பழக்காரர் மட்டும் வீடியோவைக் காணோமே என்று கேட்டார். இரண்டு நாள் முயன்றேன். புல்லாங்குழல் போய்விட்டது. வயலினும் போய்விட்டது. அவை போன இடத்தில் பழையது வந்து உட்காரும் என்று எண்ணியிருந்தேன். வரவில்லை. லைனின் இரைச்சல் வருகிறது. அதற்குப் பின்னால் யாருமில்லை.

வெண்டைக்காய் முற்றல். பிரின்சிக்குப் பார்த்து வாங்கத் தெரியவில்லை.

ஆகஸ்ட் 17, சனி

தலைவலி. எழுத ஒன்றுமில்லை.

ஆகஸ்ட் 20, செவ்வாய்

மத்தியானம் சமையலறையில் இருந்தேன். ஹாலில் பெர்க்மான்ஸ் பேசினார்.

எழுதியதைத் திரும்பப் படிக்கிறேன். அப்படித்தான். வேறு விதமாக எழுதத் தெரியவில்லை. கரண்டியைக் கையில் வைத்தபடியே ஹாலுக்குப் போனேன். கிளாட் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தான். இடம் அடைக்கிறதென்று பழைய பதிவுகளை ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்து அழித்துக்கொண்டிருக்கிறானாம். திரையில் நான். மடியில் அந்தச் சிவப்பு டெலிபோன். மூன்றாவது தடவை எடுத்தது. இசை சேர்க்காதது.

"என்னம்மா?" என்றான்.

"அதை மறுபடி போடு."

போட்டான். நான் திரையைப் பார்க்கவில்லை. ஜன்னலைப் பார்த்து நின்றேன். வாக்கியத்துக்கு முன்னால் ஒரு தயக்கம். அவர் எப்போதும் நம்பர் சொல்வதற்கு முன்னால் தயங்குவது போல. பிறகு அடித்தொண்டையில் மெதுவாக, கடைசிச் சொல்லைக் கொஞ்சம் விழுங்கி. நான் அப்படிப் பேசுகிறவளல்ல. என் உச்சரிப்புக்குப் பள்ளியில் பரிசு வாங்கியிருக்கிறேன். அது என் வாயிலிருந்து வந்தது. என் குரலல்ல.

"அழிக்காதே" என்றேன்.

"சரிம்மா. அழிக்கல. அழாதீங்க."

நான் அழவில்லை. வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தேன்.

சாயந்திரம் பிரின்சியைக் கூப்பிட்டேன்.

"அந்த வீடியோவைத் திருப்பிப் போட்டுவிடு. கம்பெனிக்காரர்களிடம் கிளாட்டைப் பேசச் சொல். பாட்டுச் சத்தம் மட்டும் வேண்டாம்."

"எதுக்கு மாமி? வேண்டாம். வேற ஏதாவது பாத்துக்கிடலாம். பொய்யின்னு நீங்கதான சொன்னீங்க?"

நான் சேலை மடிப்பைச் சரிசெய்துகொண்டேன்.

"பொய்யில்லை. அவர் அப்படித்தான் சொன்னார்" என்றேன்.